தீர்ப்பு காகிதத்தில் இருக்கிறது, குழந்தை எங்கே?

ஒத்துவராத கல்யாணத்தை முறித்துக்கொள்வது உழைக்கும் ஜனங்களுக்குப் புதிய சங்கதி அல்ல. விவாகரத்து என்ற சொல்லைக் கேட்டாலே மேல்சாதிக் குடும்பங்கள் காதைப் பொத்திக்கொண்ட காலத்திலேயே, நம் சேரிகளிலும் கூலிக்காரர் தெருக்களிலும் ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் தீர்த்துக்கொண்டு அவரவர் வழி போகிற வழக்கம் பல சாதிகளில் இருந்தது. 1955-இல் இந்து திருமணச் சட்டம் வந்தபோது அதன் 29-வது பிரிவு அந்த வழக்கத்தில் கை வைக்காமல் விட்டது. ஆகவே புருஷனும் பெண்சாதியும் பிரிந்து போவதைக் கண்டு நாம் மூக்கில் விரல் வைக்கப் போவதில்லை. நாம் கேட்பது வேறு. பிரிந்த அன்று குழந்தைகளைப் பற்றிப் பேசி எழுதினார்களே, அந்தப் பேச்சு என்னவாயிற்று?

உத்திரமேரூர் வட்டாரத்தில் இந்தக் காகிதம் எப்படி எழுதப்படுகிறது என்பது நம் வாசகர்களுக்குத் தெரியாததல்ல. உதாரணத்துக்கு ஒரு குடும்பத்தை வைத்துக்கொள்வோம். அவள் நடவுக்கும் களைக்கும் போகிறவள். அவன் ரைஸ் மில்லில் மூட்டை தூக்குகிறவன். இரண்டு பிள்ளைகள். ஊர் கூடிப் பேசி, பத்திரம் எழுதுகிறவரிடம் போய், ஸ்டாம்பு பேப்பரில் எழுதி வாங்குகிறார்கள். பெரியவன் தகப்பனிடம், சின்னது தாயிடம். மாதத்தில் இரண்டு ஞாயிறு பிள்ளைகளை மாற்றிக் காட்டுவது. தாயிடம் உள்ள குழந்தைக்கு மாதம் இவ்வளவு ரூபாய். இருவரும் கையெழுத்தோ கைநாட்டோ வைக்கிறார்கள். நாலு பேர் சாட்சி.

மூன்று மாதம் நடக்கும். நாலாம் மாதம் மில்லில் வேலை குறைகிறது. அவன் மேஸ்திரியிடம் முன்பணம் வாங்கிக்கொண்டு பெரிய பையனோடு செங்கல் சூளைக்குப் போய்விடுகிறான். பணம் நிற்கிறது. பையன் எந்தச் சூளையில் இருக்கிறான் என்பதே தாய்க்குத் தெரியவில்லை. ஆத்திரத்தில் அவளும் சின்னதைத் தகப்பன் வீட்டாருக்குக் காட்ட மாட்டேன் என்கிறாள். ஒரு நாள் பாட்டி வந்து பள்ளிக்கூட வாசலில் நின்று குழந்தையை அழைத்துக்கொண்டு போய்விடுகிறாள். ஊர் இரண்டு படுகிறது. ஸ்டாம்பு பேப்பர் பரண்மேல் இருக்கிறது.

யார் மேல் தப்பு என்று கேட்டால் ஆளுக்கொரு பதில் வரும். ஆண்கள் கூடுமிடத்தில் ஒன்று, குழாயடியில் ஒன்று. நாம் இந்த வழக்கில் இருவருக்கும் வக்காலத்து வாங்கவில்லை. இருவரும் கூலி வேலை செய்து பிழைப்பவர்கள். ஆனால் ஒன்றை ஒளிக்காமல் சொல்ல வேண்டும். மூட்டைக்குக் கூலி தராத முதலாளியை எதிர்த்து நிற்கத் தெரிந்த ஆண்பிள்ளை, பெற்ற பிள்ளைக்குச் சோறு போடுகிற பணத்தை நிறுத்தினால், அதற்கு வறுமை என்ற ஒரே காரணத்தைச் சொல்லித் தப்ப முடியாது. சாராயக் கடைக்குப் போகிற பணம் எங்கிருந்து வருகிறது?

அந்தக் காகிதத்துக்கு என்ன வலிமை என்று பார்ப்போம்.

உத்திரமேரூர் சபைக்குப் பேர்போன ஊர். முதலாம் பராந்தக சோழன் காலத்தில், 919-இலும் 921-இலும், குடவோலை முறையைக் கல்லில் வெட்டி வைத்த ஊர். தலைவர்கள் வந்து பார்த்துப் பூரித்துப் போகிறார்கள். அந்தக் கல்வெட்டு யாரைச் சபையில் சேர்க்கச் சொல்கிறது? வரி கட்டுகிற சொந்த நிலமும் சொந்த மனையும் வேதப் படிப்பும் உள்ள, 35 வயதுக்கு மேல் 70-க்கு உட்பட்ட ஆண்களை. அந்த நிலத்தில் சேறு மிதித்தவனுக்கும் அங்கே இடமில்லை, பெண்ணுக்கும் இடமில்லை. குடத்திலிருந்து ஓலையை எடுக்க மட்டும் ஒரு சிறுவனைக் கூப்பிட்டார்கள். இன்று பிள்ளையைப் பங்கு போடுகிற பஞ்சாயத்துக்கு அந்த அளவுக்குக்கூடச் சிறுவன் தேவைப்படவில்லை. பத்து வயதுப் பையன் ஓரத்தில் நிற்க, அவன் எங்கே தூங்க வேண்டும், எந்தப் பள்ளிக்கூடத்துக்குப் போக வேண்டும் என்று பெரியவர்கள் முடிவு கட்டுகிறார்கள். அவனை ஒரு வார்த்தை கேட்பவர் இல்லை. வெள்ளைக்காரன் 1890-இல் போட்ட காப்பாளர்கள் மற்றும் காப்பிலுள்ளோர் சட்டம்கூட, அறிவோடு சொல்லக்கூடிய வயதுப் பிள்ளையானால் அதன் விருப்பத்தைக் கோர்ட் கருதலாம் என்று 17-வது பிரிவில் எழுதி வைத்திருக்கிறது.

பஞ்சாயத்தில் எழுதிய விடுதலைப் பத்திரத்தைக் கோர்ட்டுக்குக் கொண்டுபோனால் முதல் கேள்வி, உங்கள் சாதியில் இந்த வழக்கம் உண்டா, நிரூபி என்பதாக இருக்கும். வழக்கம் நிரூபணமானால்தான் விவாகரத்தே செல்லும் என்று சுப்ரீம் கோர்ட் 2002-இல் சொல்லியிருக்கிறது. குழந்தையைப் பற்றிய ஷரத்தோ கோர்ட்டைக் கட்டுப்படுத்தவே செய்யாது. குழந்தையின் நலனுக்கு எது நல்லது என்று ஜட்ஜ் புதிதாகப் பார்ப்பார். ‘மொத்தமாக இவ்வளவு பெற்றுக்கொண்டேன், இனிக் குழந்தைக்கென்று எதுவும் கேட்க மாட்டேன்’ என்று தாய் கைநாட்டு வைத்திருந்தாலும், குழந்தையின் ஜீவனாம்சம் அதனால் அற்றுப் போகாது. அது குழந்தையின் சொத்து. அதை விற்கத் தாய்க்கும் உரிமையில்லை, வாங்கத் தகப்பனுக்கும் உரிமையில்லை.

போலீஸ் ஸ்டேஷனில் எழுதி வாங்குகிற காகிதத்துக்கும் இதே கதிதான். பிள்ளை யாரிடம் இருக்க வேண்டும் என்று தீர்ப்புச் சொல்லப் போலீசுக்கு அதிகாரம் கிடையாது. கோர்ட் உத்தரவு ஒன்றும் இல்லாமல், தகப்பன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான் என்று ஸ்டேஷனுக்கு ஓடினால் வருகிற பதிலும் நமக்குத் தெரியும்: ‘அவன் பிள்ளையை அவன் கொண்டு போனான், கோர்ட்டுக்குப் போம்மா.’ இந்தப் பதிலுக்குப் பின்னால் ஒரு சட்டம் இருக்கிறது. 1956-ஆம் வருஷத்து இந்து இளவர் மற்றும் காப்பாளர் சட்டத்தின் 6-வது பிரிவு, இயற்கைக் காப்பாளர் தகப்பன், அவனுக்குப் பிறகு தாய் என்கிறது. ஐந்து வயது நிரம்பாத குழந்தை சாதாரணமாகத் தாயிடம் இருக்கலாம் என்று ஒரு வால் சேர்த்திருக்கிறது. ‘பிறகு’ என்றால் தகப்பன் செத்த பிறகு என்று மட்டும் பொருளல்ல, அவன் பொறுப்பை விட்டு ஒதுங்கி நின்றாலும் தாயே காப்பாளர் என்று 1999-இல் கீதா ஹரிஹரன் வழக்கில் சுப்ரீம் கோர்ட் விளக்கம் கொடுத்தது. தகப்பனுக்கு முதலிடம் என்பதையே எடுத்துவிட்டு இருவரையும் சமமாக வையுங்கள் என்று சட்டக் கமிஷன் தன் 257-வது அறிக்கையில் 2015-இல் சொல்லிற்று. அறிக்கை வந்தது. பிரிவு அப்படியே நிற்கிறது. பாராளுமன்றத்தில் எத்தனையோ மசோதாக்கள் ஒரே நாளில் ஓடுகின்றன. இதற்கு மட்டும் நேரமில்லை.

சரி, வயிற்றைக் கட்டி வாயைக் கட்டி ஒருத்தி கோர்ட்டுக்கே போய் உத்தரவு வாங்கிவிட்டாள் என்று வைத்துக்கொள்வோம். மாதம் இரண்டு ஞாயிறு மூத்த பையனைக் கொண்டு வந்து காட்ட வேண்டும் என்று உத்தரவு. அவன் காட்டவில்லை. இப்போது என்ன?

1890-ஆம் வருஷத்துச் சட்டத்தின் 45-வது பிரிவைப் பாருங்கள். குழந்தையைக் கோர்ட்டில் ஆஜர்படுத்தச் சொல்லியும், காப்பாளரிடம் திருப்பி அனுப்பச் சொல்லியும் கேளாதவனுக்கு அபராதம் 100 ரூபாய். அதற்குப் பிறகும் அடம் பிடித்தால் நாளொன்றுக்கு 10 ரூபாய், மொத்தம் 500 ரூபாய்க்கு மேல் போகக்கூடாது. இணங்குகிற வரை சிவில் ஜெயிலில் வைக்கலாம். குழந்தையைக் கோர்ட் எல்லையை விட்டுக் கடத்திக்கொண்டு போகிற காப்பாளனுக்கு 44-வது பிரிவின்படி ஆயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது ஆறு மாதம் வரை சிவில் ஜெயில். விக்டோரியா மகாராணி காலத்தில் நூறு ரூபாய் என்பது பெருந்தொகை. இன்று கார் வைத்திருக்கிறவனுக்கு அது ஒரு நாள் பெட்ரோலுக்குக் காணாது. அதே பிரிவில் உள்ள ஜெயிலோ, கூலிக்காரனுக்கு மட்டும் நிஜமான ஜெயில். ஒரே வரியில் பணக்காரனுக்கு ஒரு சட்டமும் ஏழைக்கு வேறொரு சட்டமும் எழுதப்பட்டிருப்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் வேண்டுமா?

டிக்ரியை நிறைவேற்றுகிற மனு போட்டு, சிவில் நடைமுறைச் சட்டப்படி ஆளைப் பிடிக்கலாம் என்பார்கள். பிடிக்கலாம். ஆனால் அவனை ஜெயிலில் வைத்திருக்கிற நாட்களுக்குச் சாப்பாட்டுப் படியை மனுப் போட்டவரே கோர்ட்டில் முன்கூட்டிக் கட்ட வேண்டும். ஜீவனாம்சம் வராமல் அரைப்பட்டினி கிடக்கிற தாய், அதைத் தராதவனுக்கு ஜெயிலில் சோற்றுக்குப் பணம் கட்டி வைக்க வேண்டுமாம்! ஹைகோர்ட்டில் கோர்ட் அவமதிப்பு மனுவோ ஆட்கொணர்வு மனுவோ போடுகிற வழியும் உண்டு. அது சென்னையில். வக்கீல் பீஸ் என்ன என்று நாம் எழுத வேண்டியதில்லை.

உத்திரமேரூரிலிருந்து காஞ்சிபுரமோ செங்கல்பட்டோ ஏறத்தாழ 30 கிலோமீட்டர். 2021 முதல் சாதாரணக் கட்டணப் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை என்றாயிற்று; அது நல்ல காரியம்தான். ஆனால் வாய்தாவுக்குப் போனால் அன்றைய கூலி போகிறது. நடவு நாளில் போனால் அந்தக் கட்டிலேயே வேலை போகிறது, வேறொருத்தியை மேஸ்திரி சேர்த்துக்கொள்கிறார். எதிராளி வரவில்லை, வக்கீல் வரவில்லை, ஜட்ஜ் லீவு என்று நாலு வாய்தா தள்ளினால் ஒரு பருவமே முடிந்துவிடுகிறது. மில்லில் ஷிப்டு வேலை செய்கிற தகப்பனுக்கும் இதே கஷ்டம்தான். பிள்ளையைப் பார்க்க உத்தரவு வாங்கினவன், ஞாயிற்றுக்கிழமை மில் ஓடுகிறது என்றால் என்ன செய்வான்? உத்தரவை மீறினது தாய் என்று எழுதுவதா, மில் என்று எழுதுவதா?

சில தாய்மார்கள் நம்மிடம் கேட்கிறார்கள்: பணம் தராதவனுக்குப் பிள்ளையை ஏன் காட்ட வேண்டும்? தகப்பன்மார்கள் கேட்கிறார்கள்: பிள்ளையைக் காட்டாதவளுக்குப் பணம் ஏன் தர வேண்டும்? இரண்டு கேள்வியும் ஒரே தராசில் குழந்தையை ஒரு தட்டிலும் ரூபாயை மறு தட்டிலும் வைக்கிற கேள்வி. சட்டம் இந்தக் கணக்கை ஒப்புக்கொள்வதில்லை. பிள்ளையைக் காட்டவில்லை என்பதற்காக அதன் சோற்றுப் பணத்தை நிறுத்த முடியாது. பணம் வரவில்லை என்பதற்காகக் கோர்ட் கொடுத்த பார்வை நாளை மறுக்க முடியாது. ஒவ்வொன்றுக்கும் தனி மனு, தனிப் பரிகாரம் உண்டு. சுப்ரீம் கோர்ட் 2020-இல் யஷிதா சாஹு வழக்கில், குழந்தைக்கு இரு பெற்றோரின் அன்பும் வேண்டும், யாரிடம் குழந்தை இல்லையோ அவருக்குப் போதுமான தொடர்பு கொடுக்க வேண்டும் என்று வற்புறுத்திற்று. இது தகப்பன் மேலுள்ள கருணை அல்ல, குழந்தையின் பாத்தியதை.

ஆனால் அடித்து உதைக்கிறவன், குடித்துவிட்டு வந்து ரகளை செய்கிறவன் விஷயம் வேறு. அவனிடம் குழந்தையைத் தனியே அனுப்பு என்று எந்த நியாயமும் சொல்லாது. அப்போதும் ஓடி ஒளிவதைவிட, கோர்ட்டிலேயே சொல்லி, மூன்றாம் ஆள் முன்னிலையில்தான் பார்க்க வேண்டும் என்றோ, இப்போதைக்குப் பார்க்கவே கூடாது என்றோ உத்தரவை மாற்றி வாங்க வேண்டும். கோர்ட் ஒருமுறை சொன்னால் சொன்னதுதான் என்று நம் ஜனங்கள் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அது சரியல்ல. நம் சென்னையிலிருந்து போன ரோசி ஜேக்கப் வழக்கில் 1973-இல் சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாக்கிவிட்டது. பிள்ளைகள் பெற்றோரின் உடைமையும் அல்ல, விளையாட்டுப் பொருளும் அல்ல. அவர்களைப் பற்றிய உத்தரவு எல்லாம் அன்றைய நிலைமைக்குப் போட்ட உத்தரவே. இரு தரப்பும் சம்மதித்து வாங்கிய உத்தரவானாலும் பிள்ளைகளின் நலன் கேட்டால் மாற்றலாம் என்றது. அது ஒரு கிறிஸ்தவக் குடும்பத்தின் வழக்கு. சொல்லிய நியாயம் எல்லாருக்கும் பொது. வேலை தேடி ஊர் மாறுகிற நமக்கு இந்தத் தீர்ப்பு பெரிய உதவி. சூளைக்குப் போகிறாயா? போவதற்கு முன்னால் மனுப் போட்டு நாளையும் இடத்தையும் மாற்றிக் கேள். பிள்ளையை இரவோடு இரவாகக் கூட்டிக்கொண்டு போகாதே.

பணத்தை வசூலிக்கிற விஷயத்துக்கு வருவோம். மாஜிஸ்திரேட் கோர்ட்டில் ஜீவனாம்சம் கேட்கிற பழைய 125-வது பிரிவு, 2024 ஜூலை 1 முதல் புதுச் சட்டத்தின் 144-வது பிரிவாகியிருக்கிறது. எண் மாறினாலும் உரிமை மாறவில்லை. பணம் கட்டாவிட்டால் வாரண்டு பிறப்பிக்கலாம்; ஒவ்வொரு மாதப் பாக்கிக்கும் ஒரு மாதம் வரை ஜெயில் உண்டு. பாக்கி விழுந்த ஒரு வருஷத்துக்குள் மனுப் போட வேண்டும் என்பதைப் பல பேர் தெரியாமல் விட்டுவிடுகிறார்கள். ஆனால் ஜெயிலில் இருக்கிறவன் எப்படிச் சம்பாதிப்பான்? சோவியத் நாட்டில் 1936-ஆம் வருஷத்துச் சட்டம் ஒரு குழந்தைக்குத் தகப்பன் சம்பளத்தில் கால் பங்கு, இரண்டு குழந்தைகளுக்கு மூன்றில் ஒரு பங்கு, மூன்றும் அதற்கு மேலுமானால் பாதி என்று நிர்ணயித்தது. அந்தச் சட்டத்தில் பெண்களுக்குக் கேடான வேறு ஷரத்துகளும் இருந்தன. அவற்றை நாம் மெச்சவில்லை. பங்கை நிர்ணயித்துச் சம்பளத்தில் பிடிக்கிற ஏற்பாட்டை மட்டும் சொல்கிறோம். சுவீடனில் தகப்பன் கட்டத் தவறினால் சர்க்காரே குழந்தைக்குப் பணம் கொடுத்துவிட்டுப் பிறகு அவனிடம் வசூல் செய்கிறது. தாய் கோர்ட் வாசலில் நிற்பதில்லை.

நம் நாட்டிலும் சம்பளத்தை ஜப்தி செய்யச் சட்டம் இருக்கிறது. ஆனால் எந்தச் சம்பளம்? ரைஸ் மில்லில் மூட்டைக் கணக்கு மேஸ்திரியின் நோட்டில்தான். குவாரியில் கான்ட்ராக்டர் கையில் கொடுக்கிற பணம். பெயர் மஸ்டரில் இல்லை, கூலிச் சீட்டு இல்லை, பிராவிடண்டு பண்டு இல்லை. கோர்ட் முதலாளிக்கு எழுதினால், அப்படி ஒரு ஆள் எங்களிடம் இல்லை என்று ஒரே வரியில் பதில் எழுதிவிடுவார். தொழிலாளிக்குச் சீட்டு கொடுக்காத முதலாளி, அவனுடைய போனசையும் இன்ஷூரன்சையும் மட்டுமல்ல, அவன் பிள்ளையின் சோற்றையும் சேர்த்தே திருடுகிறார். கூலிச் சீட்டுக்காக நாம் நடத்துகிற போராட்டத்தில் இந்தக் கோரிக்கையைப் பெண்கள் எழுப்ப வேண்டும். ஆண்களும் எழுப்ப வேண்டும். கொடுத்த பணத்தைக் கொடுத்தேன் என்று நிரூபிக்க அவர்களுக்கும் சீட்டு வேண்டும்.

இன்றைக்கே செய்யக்கூடிய காரியம் ஒன்று உண்டு. இதை நம் கிளைகள் ஊர் ஊராகச் சொல்ல வேண்டும். 1987-ஆம் வருஷத்துச் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டத்தின் 12-வது பிரிவின்படி, எந்தப் பெண்ணுக்கும், எந்தக் குழந்தைக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும், ஆலைத் தொழிலாளிக்கும் இலவச வக்கீல் கேட்க உரிமை உண்டு. நம் வாசகர்களில் இந்தப் பட்டியலுக்கு வெளியே நிற்பவர் மிகச் சிலரே. வட்டச் சட்டப் பணிகள் குழு என்று ஒன்று இதற்காகவே இருக்கிறது. 15100 என்ற டெலிபோனிலும் கேட்கலாம். கேஸே போடாமல், இருவரும் ஒத்துக்கொண்ட ஏற்பாட்டை லோக் அதாலத் முன் வைக்கலாம். விவாகரத்தை அங்கே வாங்க முடியாது. ஆனால் குழந்தை யாரிடம், எந்த நாள் பார்ப்பது, மாதம் எவ்வளவு என்பதை வாங்கலாம். அங்கே பதிவாகிற முடிவு சிவில் கோர்ட் டிக்ரிக்குச் சமம் என்று 21-வது பிரிவு சொல்கிறது. கோர்ட் பீஸ் இல்லை. பரண்மேல் கிடக்கிற ஸ்டாம்பு பேப்பருக்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் இதுதான்.

எழுதும்போது வாய்க்கு வந்தபடி எழுதக்கூடாது. ‘அவ்வப்போது பார்க்கலாம்’ என்று எழுதினால் அதை எந்தக் கோர்ட்டும் நிறைவேற்ற முடியாது. எந்த ஞாயிறு, எத்தனை மணி, யார் வீட்டில் அல்லது எந்தப் பள்ளிக்கூட வாசலில், யார் கொண்டுவந்து விடுவது, பஸ் செலவு யாருடையது, குழந்தைக்குக் காய்ச்சல் என்றால் மாற்று நாள் எது என்று எழுத வேண்டும். வேலைக்காக ஊர் மாறினால் எத்தனை நாளுக்குள் மற்றவருக்கு விலாசமும் டெலிபோன் நம்பரும் கொடுக்க வேண்டும் என்பதை மறக்கக்கூடாது. நம் ஜனங்களின் காகிதங்களில் இல்லாத ஷரத்து இதுதான், சண்டை பிறப்பதும் இங்கேதான். குழந்தையின் பெயர் எந்த ரேஷன் கார்டில், ஆதாரும் சாதிச் சான்றும் யார் கையில், இதையும் எழுதுங்கள். பணத்தைக் கையில் கொடுக்காமல் பாங்கியில் கட்டுவது என்று எழுதுங்கள்.

அதிகாரிகளிடம் நாம் கேட்பது அதிகமல்ல. மாதத்தில் ஒரு விடுமுறை நாளாவது குடும்ப வழக்குகளை உத்திரமேரூரிலேயே உட்கார்ந்து கேளுங்கள். பெற்றோர் பிள்ளைகளைப் பார்க்கப் போலீஸ் ஸ்டேஷன் திண்ணையும் கோர்ட் வராந்தாவும் வேண்டாம். ஞாயிற்றுக்கிழமை பூட்டிக் கிடக்கிற அங்கன்வாடியோ நூலகமோ திறந்துவிடப்பட்டால் போதும், பொறுப்புக்கு ஒரு அம்மாளைச் சம்பளம் கொடுத்து நியமியுங்கள். சாட்சிக்குப் படி கொடுப்பதுபோல, உத்தரவை நிறைவேற்றக் கேட்டு வருகிற கூலிக்காரருக்கும் அன்றைய கூலியைக் கொடுங்கள். 1890-ஆம் வருஷத்து அபராதத்தை வருமானத்துக்குத் தக்கபடி மாற்றுங்கள். 1956-ஆம் வருஷத்து 6-வது பிரிவைத் திருத்துங்கள்.

அதுவரை நம் தோழர்களுக்குக் கைமேல் வேலை இருக்கிறது. மழை விட்டதும் சூளைகளுக்கு ஆள் பிடிக்க மேஸ்திரிகள் முன்பணத்தோடு வருவார்கள். ஒவ்வொரு ஊரிலும் பிரிந்து வாழ்கிற குடும்பங்கள் எத்தனை, எந்தக் காகிதம் யாரிடம் இருக்கிறது என்று விவசாயத் தொழிலாளர் சங்கமும் மில் சங்கமும் பெண் தோழர்களை முன்வைத்து அதற்குள் விசாரிக்க வேண்டும். சம்மதிக்கிறவர்களை ஒன்றாக வட்டக் குழுவுக்கு அழைத்துப் போக வேண்டும். போகிற அன்று பழைய ஸ்டாம்பு பேப்பர், குழந்தையின் பிறப்புச் சான்று, ரேஷன் கார்டு நகல், பள்ளிக்கூடச் சான்று இவற்றைக் கையோடு எடுத்துக்கொள்ளுங்கள். விவரம் தெரிந்த வயதுப் பிள்ளையானால் அதையும் அழைத்துப் போங்கள், அதற்கும் சொல்ல ஏதாவது இருக்கும்.